பயந்த நாய்க்குச் சீப்பும் நகவெட்டியும் குளியலும் பழக்குவது எப்படி

குளிப்பாட்டுவது ஒரு வேலை. குளியலுக்குப் பழக்குவது வேறொரு வேலை. இரண்டையும் ஒரே ஞாயிற்றுக்கிழமை காலையில் முடித்துவிடப் பார்ப்பதால்தான் பல வீடுகளில் ஷாம்பு போத்தல் வெளியே வந்ததும் நாய் காருக்கு அடியில் போய் ஒளிந்துகொள்கிறது. இந்த வழிகாட்டி இரண்டாவது வேலையைப் பற்றியது. பழக்கும் நாளில் நாய் சுத்தமாகாமல் போனாலும் பரவாயில்லை என்ற எண்ணத்தோடு தொடங்குங்கள்.

மலேசியாவின் சுங்கை சிப்புட், பீடோர், லாபிஸ் மாதிரி தோட்டம் சூழ்ந்த பட்டணங்களில் நாயின் தோலுக்கும் முடிக்கும் வேலை அதிகம். செம்பனை மரங்களுக்கிடையே ஓடிவிட்டு வரும் நாயின் உடம்பில் உண்ணியும் ஒட்டுப்புல்லும் செம்மண்ணும் சேர்ந்தே வரும். வீட்டுக்குள் வளரும் ஷிட்சூவுக்கும் பூடலுக்கும் நம் ஊர்ப் புழுக்கத்தில் காதும் அக்குளும் சீக்கிரம் கெட்டுப்போகும். ஆகவே தொடாமலே விட்டுவிடவும் முடியாது.

முதலில் வலி இருக்கிறதா என்று பாருங்கள்

காதைத் தொட்டால் உறுமும் நாய்க்குக் காதில் புண் இருக்கலாம். பின்காலைத் தூக்கவிடாத நாய்க்கு இடுப்பிலோ முட்டியிலோ வலி இருக்கலாம். வலியோடு இருக்கும் நாயை எந்தப் பயிற்சியும் மாற்றாது. அதனால் தொடங்கும் முன் ஒருமுறை கால்நடை மருத்துவரிடம் காட்டிவிடுங்கள். காதில் பழுப்பு நிற அழுக்கு, புளித்த வாடை, தலையை ஓயாமல் உதறுவது, ஒரே இடத்தைக் கடித்து நக்குவது ஆகியவற்றை மருத்துவரிடம் மறக்காமல் சொல்லுங்கள். சாப்பாட்டை ஒதுக்குகிறது, சுருண்டு படுக்கிறது, ஈறு வெளுத்திருக்கிறது, மூக்கில் இரத்தம் கசிகிறது என்றால் உண்ணிக் காய்ச்சலாக இருக்கலாம். இரத்தப் பரிசோதனைக்கு அன்றைக்கே கொண்டுபோக வேண்டும். சீப்பும் குளியலும் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

சொறி பிடித்த நாய்க்குக் கறுப்பு எண்ணெய், அதாவது வண்டியில் இருந்து வடித்த பழைய எஞ்சின் எண்ணெய், பூசும் வழக்கம் இன்னும் சில இடங்களில் இருக்கிறது. மண்ணெண்ணெய் தடவுகிறவர்களும் உண்டு. இரண்டும் தோலைச் சுடும். நாய் அதை நக்கும்போது வயிற்றுக்குள்ளும் போகும். ஒருமுறை அப்படிப் பூசப்பட்ட நாய் பிறகு எந்தத் திரவத்தைக் கையில் கண்டாலும் ஓடுவது இயல்புதான்.

நாய் என்ன சொல்கிறது

கடிப்பது கடைசிப் பேச்சு. அதற்கு முன் நாய் நிறையப் பேசிவிடும். உணவே இல்லாதபோது உதட்டை நக்குவது, தூக்கமே இல்லாமல் கொட்டாவி விடுவது, முகத்தைத் திருப்பிக்கொண்டு கண்ணின் வெள்ளை தெரிய ஓரமாகப் பார்ப்பது, காதைப் பின்னால் ஒட்டிக்கொள்வது, வெயில் இல்லாத நேரத்திலும் வேகமாக மூச்சிளைப்பது எல்லாமே "போதும்" என்பதன் வடிவங்கள். இவற்றுள் மிக ஆபத்தானது அசையாமல் விறைத்து நிற்பது. "பாருங்கள், எவ்வளவு அமைதியாக நிற்கிறான்" என்று வீட்டார் நினைக்கும் அந்த நொடிக்கு அடுத்த நொடியில்தான் பல கடிகள் விழுகின்றன.

உறுமினால் அடிக்காதீர்கள், அதட்டாதீர்கள். அடி வாங்கிய நாய் உறுமலைத்தான் விடும், பயத்தை விடாது. பிறகு முன்னறிவிப்பு இல்லாமல் கடிக்கும். உறுமல் கேட்டால் கையை எடுத்துவிட்டு, அடுத்த முறை இரண்டு படி கீழே இருந்து தொடங்குங்கள்.

பயந்த நாயிடம் மென்மையாகப் பேசினால் பயம் கூடிவிடும் என்று ஒரு நம்பிக்கை உண்டு. அப்படி ஆகாது. தாராளமாகப் பேசலாம். நான்கு பேர் சுற்றி நின்று ஆளுக்கொரு பக்கம் "சும்மா இருடா" என்று கத்துவதுதான் கூடாது.

தேவையான சாமான்கள்

அடியில் வழுக்காத ரப்பர் பாய் ஒன்று வேண்டும். இது இல்லாமல் எதையும் தொடங்காதீர்கள். நாயின் குளியல் பயத்தில் பெரும் பங்கு வழுக்கும் தரையால் வருவது. ஈரமான டைல்ஸ் மேல் நான்கு காலும் நான்கு பக்கம் போனால் எந்த நாயும் நடுங்கும். அதே பாயைச் சீப்பு வாரவும் நகம் வெட்டவும் பயன்படுத்துங்கள். சில நாள்களில் பாயைக் கண்டதும் நாய் தானே வந்து நிற்கும்.

குட்டை முடி நாய்க்கு ரப்பர் பிரஷ் போதும். நீள முடிக்குக் கம்பிப் பிரஷும், அகலப் பல்லும் நெருக்கப் பல்லும் சேர்ந்த இரும்புச் சீப்பும் வேண்டும். நகத்துக்குக் கத்தரிக்கோல் வடிவ நகவெட்டி, ஓர் அரம். இரத்தம் நிறுத்தும் பொடி கிடைக்காவிட்டால் சோளமாவு ஒரு சின்னக் கிண்ணத்தில் தயாராக இருக்கட்டும். நாய் ஷாம்புதான் வேண்டும். நம்முடைய தோலைவிட நாயின் தோலில் அமிலத்தன்மை குறைவு என்பதால் நம் சோப்பும் ஷாம்பும் அதன் தோலை வறட்டிவிடும். தரை துடைக்கும் கிருமிநாசினியைக் குளிக்கும் தண்ணீரில் கலப்பதும் வேண்டாம்.

கூலியும் இந்தப் பட்டியலில் சேர்ந்ததே. நாய்க்குக் கூலி என்றால் கறி. உப்பும் மசாலாவும் சேர்க்காமல் அவித்த கோழி நெஞ்சுக்கறியைப் பச்சைப்பட்டாணி அளவுக்கு நறுக்கி ஐஸ்பெட்டியில் வைத்துக்கொள்ளுங்கள். நெத்திலி என்றால் நன்றாக ஊறவைத்து, அவித்து, உப்பை இறக்கிய பிறகே கொடுக்க வேண்டும். ஈரல் நாய்க்கு உயிர், ஆனால் தினமும் அதையே கொடுத்தால் வயிறு இளகும். வெங்காயம், பூண்டு, திராட்சை, சாக்லேட் எதிலும் படக்கூடாது. நேற்றைய குழம்பில் இருந்து எடுத்துக் கழுவிய கறித்துண்டுக்கும் இது பொருந்தும். பயிற்சிக்குக் கொடுக்கும் தீனி ஒரு நாள் சாப்பாட்டில் பத்தில் ஒரு பங்கைத் தாண்டாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

எது முன்னால், எது பின்னால்

மொத்த முறையும் இந்த வரிசையில்தான் நிற்கிறது. முதலில் தொடல், பிறகு தீனி. பிரஷ் தெரிகிறது, ஒரு நொடிக்குள் கறி வருகிறது. பிரஷ் மறைகிறது, கறியும் நிற்கிறது. இப்படி நடந்தால் பிரஷ் என்பது கறி வரப்போவதன் அறிகுறி என்று நாய் கற்றுக்கொள்ளும்.

பெரும்பாலோர் தலைகீழாகச் செய்கிறார்கள். கறியை நீட்டி, நாய் அருகில் வந்ததும் கழுத்துப்பட்டையைப் பிடித்து, பிரஷ் போடுகிறார்கள். அப்போது கறிதான் ஆபத்தின் அறிகுறியாகிவிடும். நாலாவது முறை கறியைக் கண்டாலே நாய் பின்வாங்கும். "என் நாய் தீனிக்கு மசியாது" என்று சொல்லும் வீடுகளில் நடந்தது பெரும்பாலும் இதுதான்.

பெயர் சொல்லிக் கூப்பிட்டுப் போய்க் குளிப்பாட்டுவதும் இதே தவறு. "வா" என்ற சொல் கெட்டுப்போனால், கேட் திறந்திருக்கும் நாளில் லாரி வரும் பாதையில் நாய் நிற்கும்போது கூப்பிட்டாலும் அது வராது. குளியலுக்கு நீங்களே போய் வாரை மாட்டிக் கூட்டி வாருங்கள்.

ஒரு பயிற்சிக்கு 2 அல்லது 3 நிமிடம். நாளுக்கு இரண்டு தடவை. காலை நேரமே நல்லது. பிற்பகலில் இடி இடிக்கும் மாதங்களில் மாலைப் பயிற்சி பாதியில் கெட்டுவிடும். புல் வெட்டும் மெஷின் ஓடும் நேரத்தையும் தவிர்த்துவிடுங்கள். வயிறு முட்டச் சாப்பிட்ட உடனே செய்யாதீர்கள்.

முதல் கட்டம்: கை மட்டும்

நாயைக் கட்டிப்போட வேண்டாம். விலகிப் போக வழி இருக்கும் நாய்தான் நிற்பதைத் தேர்ந்தெடுக்க முடியும். பகல் முழுக்கச் சங்கிலியில் இருக்கும் நாய் என்றால், சங்கிலியை அவிழ்த்து, வேலி அடைத்த இடத்தில் அல்லது தளர்வான நீள வாரில் வைத்துச் செய்யுங்கள்.

நாய்க்கு எதிரே குனியாமல் பக்கவாட்டில் உட்காருங்கள். தோளில் ஒரு நொடி கை வைத்து, எடுத்து, கறி. ஐந்து முறை. நீங்கள் தொட்டவுடன் நாய் கறிக்காக உங்கள் இன்னொரு கையை எதிர்பார்த்துத் திரும்புகிறதா? அப்படியானால் அடுத்த இடத்துக்குப் போகலாம். தோள், முதுகு, மார்பு, இடுப்பு, தொடை, வயிறு, காது, வால், கடைசியில் பாதம் என்ற வரிசை பெரும்பாலான நாய்களுக்குச் சரிவரும். பாதத்துக்கு நேராகப் போகாமல் தோளில் இருந்து வழித்துக்கொண்டே கீழே இறங்குங்கள். பாதத்தில் முதலில் தொடல், பிறகு ஒரு நொடி பிடித்தல், பிறகு விரலிடுக்கை விரித்தல். உண்ணி ஒளிந்திருக்கும் இடம் அதுதான் என்பதால் இந்தப் பயிற்சி வேறு வகையிலும் உதவும்.

உண்ணி அகப்பட்டால் கூர்முனைச் சாமணத்தால் தோலை ஒட்டிப் பிடித்து, திருகாமல் நேராக, மெதுவாக இழுங்கள். தீக்குச்சியால் சுடுவதும் எண்ணெய் ஊற்றுவதும் உதவாது.

இந்தக் கட்டத்திலேயே ஒரு பழக்கத்தைச் சேர்த்துவிடுங்கள். மடித்த துண்டு ஒன்றை உங்கள் தொடைமேல் வைத்து, அதன்மேல் நாய் தாடையை வைத்தால் கறி. முதலில் ஒரு நொடி, பிறகு 3, பிறகு 10. தாடை துண்டின்மேல் இருக்கும்வரை நீங்கள் தொடுவீர்கள், தாடையை எடுத்த கணம் கையை எடுத்துவிடுவீர்கள் என்பது ஒப்பந்தம். நிறுத்தும் உரிமை தன்னிடம் இருக்கிறது என்று தெரிந்த நாய் அதிக நேரம் நிற்கும். ஆரம்பத்தில் இதை நம்ப முடியாது, செய்து பார்த்தால் தெரியும். "இன்னும் ஒரே ஒரு நகம்தானே" என்று ஒப்பந்தத்தை மீறினால் மீண்டும் முதல் நாளில் இருந்துதான் தொடங்க வேண்டும்.

சீப்பு

பிரஷைக் காட்டு, கறி. பிரஷின் முதுகால் தோளைத் தொடு, கறி. முடியின் போக்கிலேயே ஒரு வாரல், கறி. பிறகு இரண்டு, மூன்று என்று கூட்டலாம். கம்பிப் பிரஷை உங்கள் முன்கையில் ஒருமுறை இழுத்துப் பாருங்கள், உங்களுக்கு எவ்வளவு அழுத்தம் வலிக்கிறதோ அதற்கும் குறைவாகத்தான் நாய்க்கு அழுத்த வேண்டும்.

நீள முடி நாய்க்குச் சிக்கு விழும் இடங்கள் காதுக்குப் பின்னால், அக்குள், தொடை இடுக்கு, கழுத்துப்பட்டைக்கு அடியில். மேலாக வாரினால் மேல்முடி பளபளக்கும், தோலருகே சிக்கு இறுகிக்கொண்டே போகும். முடியைக் கையால் பிரித்துத் தோலில் இருந்து நுனிவரை வரிவரியாக வார வேண்டும். சின்னச் சிக்கு என்றால் அடியில் முடியை இறுகப் பிடித்துக்கொண்டு நுனியில் இருந்து அவிழுங்கள், அப்போது தோல் இழுபடாது. தோலோடு ஒட்டிய பெரிய சிக்கைக் கத்தரிக்கோலால் வெட்டாதீர்கள். தோலும் சேர்ந்து மேலே வந்திருக்கும், வெட்டுப்பட்டுவிடும். சிக்கோடு குளிப்பாட்டவும் கூடாது, நனைந்த சிக்கு காயும்போது இன்னும் இறுகும்.

வெயிலுக்கு நல்லது என்று ஸ்பிட்ஸ் நாயை மொட்டையடிப்பவர்கள் கவனிக்க: அதன் இரட்டை முடி வெயிலைத் தடுக்கவும் உதவுகிறது. மழித்தால் முடி பழையபடி வராமலும் போகலாம். அடிமுடியை வாரி எடுத்தாலே காற்று போகும்.

நகம்

அதிகப் பொறுமை கேட்பது இதுதான். நகத்துக்குள் இரத்தக்குழாயும் நரம்பும் சேர்ந்த சதை இருக்கிறது. ஒருமுறை அதை வெட்டிவிட்டால் நாய் அந்த வலியை நகவெட்டியின் சத்தத்தோடு சேர்த்து நினைவில் வைத்துக்கொள்ளும்.

சத்தத்தைத் தனியாகப் பழக்கலாம். துடைப்பத்தில் இருந்து காய்ந்த ஈர்க்குச்சி ஒன்றை எடுத்து, நாய்க்கு இரண்டடி தள்ளி உட்கார்ந்து, நகவெட்டியால் நறுக்குங்கள். "டக்" என்று கேட்டதும் கறி. சத்தம் வந்தவுடன் நாய் உங்கள் கையைப் பார்க்கும்வரை இதையே செய்து, கொஞ்சம் கொஞ்சமாக அருகில் கொண்டுவாருங்கள். அடுத்து நகவெட்டி பாதத்தில் படுவது, பிறகு நகத்தில் படுவது, பிறகு நகத்தின் பக்கத்தில் வைத்து ஈர்க்கு நறுக்குவது. இவ்வளவும் ஆன பிறகுதான் உண்மையான வெட்டு.

காலைப் பக்கவாட்டில் இழுக்காதீர்கள், தோள் மூட்டு வலிக்கும். முன்காலை அதன் இயல்பான வாட்டத்திலேயே பின்பக்கம் மடக்கினால் பாதத்தின் அடிப்பகுதி தெரியும். வெள்ளை நகத்தில் இளஞ்சிவப்புச் சதை வெளியிலிருந்தே தெரியும், அதற்கு 2 மில்லிமீட்டர் முன்னால் நிறுத்துங்கள். நம் ஊர் நாய்களில் கறுப்பு நகம்தான் அதிகம். கறுப்பு நகத்தை 1 மில்லிமீட்டர் சீவல்களாகச் சீவி, ஒவ்வொரு சீவலுக்கும் வெட்டிய முகத்தைப் பாருங்கள். நடுவில் சாம்பல் அல்லது கறுப்புப் புள்ளி ஒன்று தெரிந்தால் அதோடு நிறுத்திவிடுங்கள்.

ஒரு நாளைக்கு ஒரு நகம் போதும். முன்காலில் கட்டைவிரல் போல மேலே நிற்கும் நகங்களையும் சேர்த்து பெரும்பாலான நாய்களுக்கு 18 நகங்கள். ஒரு சுற்று முடியும்போது முதல் நகம் மீண்டும் வளரத் தொடங்கியிருக்கும், அப்படியே அடுத்த சுற்று. அடிக்கடி கொஞ்சமாக வெட்டினால் உள்சதையும் பின்வாங்கும். மேலே நிற்கும் அந்த இரண்டு நகங்களை மறந்துவிடாதீர்கள். தரையில் தேயாததால் அவை வளைந்து தோலுக்குள் இறங்கிவிடும்.

இரத்தம் வந்தால் பதறிக் கத்தாமல், சோளமாவில் நகத்தை அழுத்தி 3 நிமிடம் பிடியுங்கள். இடையிடையே எடுத்துப் பார்த்தால் நிற்காது. கறியை அள்ளிக் கொடுத்து அன்றைக்கு முடித்துக்கொள்ளுங்கள். 15 நிமிடம் ஆகியும் நிற்காவிட்டால் மருத்துவரிடம் போக வேண்டும்.

நகவெட்டியை ஒப்பவே ஒப்பாத நாய்க்கு மாற்று வழி உண்டு. 20 சென்டிமீட்டர் அகலம், 60 சென்டிமீட்டர் நீளமுள்ள பலகையில் 80 எண் கெர்த்தாஸ் பாசிர், அதாவது உப்புத்தாள், ஒட்டி, சரிவாகப் பிடித்து, நாய் முன்பாதத்தால் பிறாண்டினால் கறி கொடுங்கள். முன்கால் நகங்களைத் தானே தேய்த்துக்கொள்ளும். பாதத்தின் மெத்தைச் சதை உரசுகிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.

குளியல்

முதல் சில நாள் தண்ணீரே இல்லை. காய்ந்த குளியலறையில் ரப்பர் பாய்மேல் நின்றால் கறி, வெளியே வந்துவிடலாம். அடுத்து ஈரத்தரை. அடுத்து வாளியில் தண்ணீர் ஊற்றும் சத்தம். அடுத்து பின்காலில் ஒரு குவளைத் தண்ணீர். ரப்பர் குழாயைப் பீய்ச்சாமல் குவளையிலேயே தொடங்குங்கள். வெயிலில் கிடந்த குழாயின் முதல் தண்ணீர் கை வைக்க முடியாத சூட்டில் வரும் என்பதையும் மறக்க வேண்டாம். தண்ணீர் உங்கள் மணிக்கட்டில் இளஞ்சூடாகத் தெரிந்தால் சரி.

உண்மையான குளியல் நாளில் ஒரு பங்கு ஷாம்புக்கு ஐந்து பங்கு தண்ணீர் கலந்து வைத்துக்கொள்ளுங்கள், போத்தலில் வேறு அளவு இருந்தால் அதன்படி. சுவரில் தயிரோ அவித்த பூசணியோ தடவிய நக்குத்தட்டை ஒட்டிவிட்டால் நாய்க்கு ஒரு வேலை இருக்கும். பின்காலில் இருந்து முன்னோக்கிப் போங்கள். தலையில் தண்ணீர் ஊற்றாமல் ஈரத்துணியால் துடைத்தால் போதும். கழுத்துப்பட்டையைக் குழாயோடு கட்டிவைத்துக் குளிப்பாட்டாதீர்கள், வழுக்கினால் கழுத்து இறுகும்.

அக்குளிலும் வயிற்றிலும் தங்கிய ஷாம்பு அரிப்பைத் தரும். தண்ணீர் தெளிந்த பிறகும் இன்னொரு முறை ஊற்றுங்கள். அழுக்குத் தண்ணீர் பக்கத்து வீட்டு முற்றத்துப் பக்கம் ஓடாமல் வாய்க்காலுக்குப் போகிறதா என்று பாருங்கள், அக்கம்பக்கத்தில் முஸ்லிம் வீடுகள் இருந்தால் இது மரியாதைக்குரிய விஷயமும் ஆகும். துண்டால் தேய்க்காமல் ஒற்றி எடுங்கள், தேய்த்தால் நீள முடி சிக்காகும். நாள் முழுக்க ஈரமாக இருக்கும் அடிமுடியில் புண் வரும் என்பதால் காலை 9 மணிவாக்கில் குளிப்பாட்டுவது வசதி. பிறகு அரைமணி நேரம் வாரில் நடக்கவிடுங்கள், இல்லாவிட்டால் நேராக மண்ணில்தான் போய்ப் புரளும்.

ஆரோக்கியமான தோலுக்கு 3, 4 வாரத்துக்கு ஒரு குளியல் போதும். தோளுக்கிடையில் விடும் உண்ணி மருந்துக்கு முன்னும் பின்னும் இரண்டு நாள் குளிப்பாட்ட வேண்டாம். முடி உலர்த்தும் மெஷினும் ஈர்க்குச்சி போலத்தான்: முதலில் பக்கத்து அறையில் ஓடட்டும், இங்கே கறி.

பாதியில் கெட்டால்

கறியையே மறுக்கிறது என்றால் பயம் எல்லை தாண்டிவிட்டது. கறியை மாற்றிப் பயனில்லை, தூரத்தைக் கூட்டுங்கள். நேற்று நின்ற நாய் இன்று நிற்கவில்லை என்றால் புதிதாக வலி இருக்கிறதா, இரவில் வெடிச்சத்தம் இருந்ததா என்று யோசியுங்கள். தீபாவளி, சீனப் புத்தாண்டு வாரங்களில் புதிதாக எதையும் தொடங்காதீர்கள். தீபாவளிக்கு முதல்நாள் நாயும் குளித்தாக வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தால் இரண்டு மாத உழைப்பு அன்றைக்கே போய்விடும்.

பயிற்சி முடியும்வரை காத்திருக்க முடியாத நிலையும் உண்டு. நகம் சதைக்குள் இறங்கியிருக்கும், உடம்பெல்லாம் சிக்கு கெட்டியாகியிருக்கும். அப்போது நாலு பேர் பிடித்து அமுக்குவதைவிட மருத்துவரிடம் மயக்கத்தில் செய்துவிடுவது நாய்க்கும் நல்லது, உங்கள் கைக்கும் நல்லது. பயத்தைக் குறைக்கும் மாத்திரைகளும் அவர் தருவார். நம் தூக்க மாத்திரை, பனடோல் எதையும் நீங்களாகக் கொடுக்காதீர்கள்.

கடித்த வரலாறு உள்ள நாய்க்குக் கூடை வடிவ வாய்மூடி பழக்குங்கள். துணி வாய்மூடியில் வாயைத் திறந்து இளைக்க முடியாது, இந்த வெப்பத்தில் அது ஆபத்து. மூடிக்குள் கறி வைத்து, நாய் தானே மூக்கை நுழைக்க விடுங்கள். மூடியின் வாரை மாட்டுவது ஒரு வாரம் கழித்து.

சலூனுக்குக் கொண்டுபோவதானால், முதல் முறை சும்மா போய் வாசலில் கறி கொடுத்துத் திரும்பி வாருங்கள். காரில் வாந்தி எடுக்கும் நாய் அங்கே இறங்கும்போதே பாதி பயந்திருக்கும், ஆகவே கார்ப் பயணத்தையும் முன்கூட்டிப் பழக்க வேண்டும். கூண்டுக்குள் விட்டுச் சூடான காற்றில் உலர்த்துகிறார்களா, நாய் உறுமினால் என்ன செய்வார்கள், நீங்கள் கூட நிற்கலாமா என்று கேளுங்கள். பதில் சொல்லத் தயங்கும் இடம் வேண்டாம். சரி என்று பட்டால், போகும் நாளில் வீட்டு ரப்பர் பாயையும் கறி டப்பாவையும் கையோடு எடுத்துக்கொண்டு போங்கள்.